வெள்ளிக்கிழமை மஞ்சள்: ஒரு பக்கப் பட்டியலுக்குப் பின்னால் உள்ள கதை

போன ஜூன் மாதம் என் மகள் கல்லூரி விடுதிக்குக் கிளம்பும்போது ஒரு கோரிக்கை வைத்தாள். "முகத்துக்கு, முடிக்கு தினம் என்ன பண்ணணும்னு சின்னதா ஒரு லிஸ்ட் எழுதிக் குடும்மா. ஒரு பக்கத்துக்கு மேல போகக் கூடாது. நீ எழுதினா அது கட்டுரையாயிரும்."

பக்கத்தில் உட்கார்ந்து கீரை ஆய்ந்துகொண்டிருந்த என் அம்மா, "இதுக்கு எதுக்குளா லிஸ்ட்டு? கெழமையச் சொன்னாப் போதாதா?" என்றாள். பிறகு ஒப்பிக்க ஆரம்பித்தாள். செவ்வாயும் வெள்ளியும் பெண்களுக்கு எண்ணெய். புதனும் சனியும் ஆண்களுக்கு. எண்ணெய் தேய்த்த அன்றைக்குச் சீயக்காய், மற்ற நாளில் வெறும் தண்ணீர். உடம்புக்குப் பாசிப்பயறு மாவு. ராத்திரி கண்ணுக்கு மை. மருதாணி மாதம் ஒருமுறை. "மஞ்சள் தினமும் பூசலாம்..." என்று சொல்லி ஒரு நொடி நிறுத்தினாள். "அது கொமரிப் பிள்ளைகளுக்கும் தாலி கட்டினவங்களுக்கும்" என்று முடித்துவிட்டுக் கீரையைப் பார்த்துக் குனிந்துகொண்டாள்.

அப்பா தவறி அப்போது இரண்டு வருஷம் ஆகியிருந்தது. குளியலறை மாடத்தில் இருந்த மஞ்சள் டப்பா அந்த வாரத்திலேயே காணாமல் போனதும் அப்போதுதான் எனக்கு உறைத்தது. யாரும் எடுத்துப் போடச் சொல்லவில்லை. அம்மாவே எடுத்து வைத்துவிட்டாள்.

ஒரு பக்கம் எழுத உட்கார்ந்தவள் நாலு மாதம் குறிப்பெடுத்துக்கொண்டிருந்தேன். மகள் பயந்தபடி கட்டுரையாகத்தான் ஆகிவிட்டது.

கிழமைக் கணக்கு

அம்மா சொன்ன கிழமைகள் தமிழ்நாட்டில் பரவலாகத் தெரிந்தவைதான். ஆத்திசூடியில் சனிக்கிழமைக் குளியலுக்கென்றே ஒரு வரி இருக்கிறது என்று பலரும் சொல்வார்கள். அங்கே 'சனி' என்றால் கிழமை இல்லை, குளிர்ச்சி என்று பொருள் சொல்பவர்களும் உண்டு. சித்த மருத்துவத்தில் தேரையர் பெயரில் வழங்கும் நோயணுகா விதிப் பாடல்கள் நான்கு நாளைக்கு ஒருமுறை எண்ணெய் முழுக்கு என்று கணக்குச் சொல்கின்றன. வாரத்துக்கு இரண்டு என்பதும் கிட்டத்தட்ட அதே கணக்குதான்.

ஆணுக்கும் பெண்ணுக்கும் ஏன் தனித்தனி நாள்? கிரகபலன் சொல்பவர்கள் சொல்லட்டும். எனக்குத் தோன்றுவது வேலைக் கணக்கு. இடுப்பு வரை முடி உள்ள ஒருத்திக்கு எண்ணெய் வைத்து, ஊறவிட்டு, சீயக்காய் தேய்த்து அலசி, வெயிலில் காயவைத்து, சாம்பிராணி போட்டுச் சிக்கெடுக்க அரை நாள் வேண்டும். ஒரு கிணறு, ஒரு வெந்நீர் அண்டா, ஏழெட்டுத் தலை உள்ள வீட்டில் எல்லோரும் ஒரே நாளில் தலை முழுக முடியாது. முக்கியமாக, இது ஒருத்தி தனியாகச் செய்துகொள்ளும் காரியமும் இல்லை. உச்சந்தலையில் எண்ணெய் தட்ட ஒரு கை, சீயக்காய் தேய்க்க ஒரு கை, பின்னிவிட ஒரு கை வேண்டும். நம் ஆட்கள் 'எண்ணெய் தேய்ச்சு விடு' என்று சொல்கிறார்கள். அந்த 'விடு' என்ற சொல்லுக்குள் இன்னொரு ஆள் இருக்கிறாள்.

சீயக்காய் என்பது வெறும் சீயக்காய் மட்டும் இல்லை. எங்கள் வீட்டில் ஒரு கிலோ சீயக்காய்க்குக் கால் கிலோ பாசிப்பயறு, நூறு கிராம் வெந்தயம், கொஞ்சம் பூலாங்கிழங்கு, காயவைத்த செம்பருத்தி இலை, வருஷம் முழுக்கச் சேர்த்துவைத்த எலுமிச்சைத் தோல் எல்லாம் சேரும். மில்லில் இதற்கென்று தனி மிஷின் இருக்கும். அதற்குள் நுழைந்தாலே தும்மல்தான். அரைத்துவந்த தூளை வடிகஞ்சியில் கரைத்துத் தேய்ப்பார்கள். கொங்கு நாட்டுப் பக்கம் உசில மரத்து இலையைக் காயவைத்து இடித்த அரப்பு. ஈழத்தில் சித்திரை வருஷப் பிறப்புக்கு மூலிகைகள் போட்டுக் காய்ச்சிய மருத்துநீரைத் தலையில் வைத்து முழுகும் வழக்கம் இன்றும் இருக்கிறது.

இதெல்லாம் எப்படி வேலை செய்கிறது என்பதில் மாயம் ஒன்றும் இல்லை. சீயக்காயிலும் பூந்திக்கொட்டையிலும் சப்போனின் என்ற பொருள் இருக்கிறது. அதன் மூலக்கூறில் ஒரு பக்கம் தண்ணீரோடு ஒட்டும், இன்னொரு பக்கம் எண்ணெயோடு ஒட்டும். அழுக்கையும் எண்ணெயையும் பிடித்துத் தண்ணீரோடு இழுத்துக்கொண்டு போகிறது. சோப்பு செய்வதும் இதைத்தான். ஆனால் சோப்பு காரத்தன்மை உடையது, முடியின் மேல் செதிலைத் தூக்கிவிட்டு நாராக்கிவிடும். சீயக்காய்க் கரைசல் லேசான அமிலத்தன்மை உடையது. அதனால் முடி அந்த அளவுக்குச் சிக்காவதில்லை. எண்ணெய்க்கும் காரணம் உண்டு. தேங்காய் எண்ணெய், சூரியகாந்தி எண்ணெய், கனிம எண்ணெய் மூன்றையும் ஒப்பிட்டு 2003-ல் வெளியான ஓர் ஆய்வில், முடியிலிருந்து புரதம் வெளியேறுவதைக் குறைத்தது தேங்காய் எண்ணெய் மட்டும்தான். அதிலுள்ள லாரிக் அமிலம் முடித்தண்டுக்குள் நுழையக்கூடியது என்பதே காரணமாகச் சொல்லப்பட்டது.

மாதவியின் குளியல், கண்ணகியின் முகம்

பழந்தமிழ் நூல்களில் ஒப்பனைக்குப் பஞ்சமே இல்லை. கூந்தல் வகைக்கு 'ஐம்பால்' என்றே ஒரு சொல் இருக்கிறது: குழல், அளகம், கொண்டை, பனிச்சை, துஞ்சை என்று ஐந்து விதம். தோளிலும் மார்பிலும் குழம்பால் எழுதும் கோலத்துக்குத் தொய்யில் என்று பெயர். ஆனால் ஒரு முழு ஒப்பனையை முதலிலிருந்து கடைசி வரை வரிசையாகப் பார்க்க வேண்டுமென்றால் சிலப்பதிகாரத்துக் கடலாடு காதைக்குத்தான் போக வேண்டும்.

இந்திரவிழா முடிந்திருக்கிறது. கோவலன் ஊடியிருக்கிறான். அவனை மகிழ்விக்க மாதவி தயாராகிறாள். பத்து வகைத் துவர், ஐந்து வகை விரை, முப்பத்திரண்டு வகை ஓமாலிகை எல்லாம் ஊறிய தண்ணீரில் கூந்தலை நனைக்கிறாள். நறும்புகையில் உலர்த்துகிறாள். வகிர்ந்து கஸ்தூரிக் குழம்பு பூசுகிறாள். பாதத்துக்குச் செம்பஞ்சுக் குழம்பு. அதற்கப்புறம் கால் விரலிலிருந்து தலை வரை நகை.

இந்தப் பத்துத் துவர் எவை என்பதை அடியார்க்குநல்லார் உரையில் பார்க்கலாம். உ.வே. சாமிநாதையர் 1892-ல் சிலப்பதிகாரத்தை அந்த உரையோடு அச்சிட்டார். பூவந்தி, திரிபலை எனப்படும் கடுக்காய், நெல்லிக்காய், தான்றிக்காய், பிறகு கருங்காலி, நாவல், நால்பால் மரங்களான ஆல், அரசு, அத்தி, இத்தி. கூட்டிப் பார்த்தால் சரியாகப் பத்து. விரை ஐந்து என்பவை கோட்டம், துருக்கம், தகரம், அகில், சந்தனம். இதில் முதலில் நிற்கும் பூவந்தியைப் பார்த்ததும் எனக்குச் சிரிப்பு வந்தது. அதுதான் நம்ம பூந்திக்கொட்டை. மாதவி தலைக்குப் போட்டதை இன்றைக்கும் நாட்டு மருந்துக் கடையில் பொட்டலம் கட்டித் தருகிறார்கள்.

இதே நூலில் இன்னொரு காட்சி இதற்குச் சற்று முன்னாலேயே வருகிறது. அந்திமாலைச் சிறப்புச்செய் காதையில், கோவலன் பிரிந்துபோன வீட்டில் கண்ணகி இருக்கிறாள். காலில் சிலம்பு இல்லை. மார்பில் குங்குமம் எழுதவில்லை. தாலியைத் தவிர வேறு அணி இல்லை. கண் மையை மறந்தது, நெற்றி திலகத்தை இழந்தது, கூந்தல் எண்ணெயை மறந்தது என்று இளங்கோ வரிசையாகச் சொல்லிக்கொண்டு போகிறார்.

இரண்டு காட்சியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தபோதுதான் என் குறிப்பேட்டின் போக்கே மாறியது. அதுவரை நான் 'என்னென்ன பூசினார்கள்' என்று பட்டியல் எடுத்துக்கொண்டிருந்தேன். ஆனால் இங்கே பட்டியல் இரண்டிலும் கிட்டத்தட்ட ஒன்றுதான். மாதவியிடம் இருக்கிறது, கண்ணகியிடம் இல்லை. வித்தியாசம் ஒரு ஆண் வீட்டில் இருக்கிறானா இல்லையா என்பதில்தான். கண்ணகி உயிரோடிருக்கும் கணவனுக்காகவே எண்ணெயை விட்டுவிட்டாள் என்றால், கணவன் இறந்தவள் கதி என்ன?

அதற்கும் பழைய சாட்சி இருக்கிறது. புறநானூற்றின் 246ஆம் பாட்டு, பூதப்பாண்டியன் தேவி பெருங்கோப்பெண்டு தீப்பாயப் போகும்போது சான்றோரைப் பார்த்துச் சொல்வதாக அமைந்தது. அதில் கைம்பெண்களின் வாழ்க்கை வருகிறது: நெய் சேராத பிழிந்த சோறு, வேளைக்கீரை, பாயில்லாத பருக்கைக்கல் படுக்கை. அந்தப் பெண்களில் ஒருத்தியாக நான் இருக்க மாட்டேன், எனக்குத் தீயும் தாமரைக் குளமும் ஒன்றுதான் என்கிறாள். வீரம் என்று இதைப் பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொடுத்தார்கள். இப்போது படிக்கும்போது, மிச்சமிருக்கும் வாழ்க்கை எப்படியிருக்கும் என்று நன்றாகத் தெரிந்த ஒருத்தி போட்ட கணக்காகத்தான் எனக்குப் படுகிறது.

ஆச்சியின் கை

என் அம்மாவைப் பெற்ற ஆச்சிக்கு இருபத்தொன்பது வயதில் தாத்தா இறந்துபோனார். தாமிரபரணிக் கரையில் சின்ன ஊர். அங்கே படித்துறைக் கல்லில் பெண்கள் மஞ்சள் உரசி உரசிக் குழி விழுந்திருக்கும். நான் பார்த்திருக்கிறேன்.

எங்கள் தெருவில் யார் வீட்டுக் கல்யாணம் என்றாலும் நலங்கு மாவு ஆச்சி இடித்ததுதான். பாசிப்பயறு, கடலைப்பருப்பு, கஸ்தூரி மஞ்சள், பூலாங்கிழங்கு, கோரைக்கிழங்கு, வெட்டிவேர், ஆவாரம்பூ, ரோஜா மொட்டு, கார்போக அரிசி. எது எவ்வளவு என்பது ஆச்சிக்கு மட்டும்தான் தெரியும். மஞ்சள் கிழங்கை வேகவைத்து, காயவைத்து, இடித்துச் சலிப்பதும் அவள்தான். ஆனால் நலங்கு வைக்கும் இடத்துக்கு அவள் வர மாட்டாள். அடுப்படியை ஒட்டிய உள்ளறையில் இருப்பாள். யாரும் 'வராதே' என்று சொன்னதாக எனக்கு நினைவில்லை. சொல்ல வேண்டிய அவசியமே இல்லாமல் இருந்தது.

அவளுக்கு மஞ்சள் கிடையாது, பூ கிடையாது, பொட்டு கிடையாது, வெற்றிலை கிடையாது. நம் ஊர்ப் பெண்களுக்கு உதட்டுச் சாயம் என்று இருந்தது வெற்றிலைதான். அதுவும் போய்விட்டது. பாசிப்பயறு மாவு மட்டும் போட்டுக் குளிப்பாள். ஆனால் இடித்து இடித்து, அவள் உள்ளங்கை எப்போதும் மஞ்சளாகவே இருக்கும். சின்ன வயசில் நான் அதைப் பார்த்து, "ஆச்சி, கைக்கு மட்டும் பூசிருக்கியா?" என்று கேட்டிருக்கிறேன். "ஆமாளா, கைக்குத்தான் அனுமதி" என்று சிரித்தாள்.

நியாயமாக ஒன்று சொல்ல வேண்டும். எல்லாச் சாதியிலும் ஒரே மாதிரி இல்லை. தலையை மழிக்கும் வழக்கம் பெரும்பாலும் பிராமணக் குடும்பங்களோடு சேர்ந்தது. உழைக்கும் சாதிகள் பலவற்றில் அறுத்துக்கட்டும் வழக்கம் இருந்தது. கணவனை இழந்தவள் மறுபடி மணந்துகொள்ளலாம், மஞ்சளும் பூவும் திரும்ப வந்துவிடும். ஆனால் மணந்துகொள்ளாதவளுக்கு மஞ்சள் குங்குமம் இல்லை என்பது அதையெல்லாம் தாண்டிப் பரவியிருந்தது. 'பூவோட பொட்டோட போய்ச் சேரணும்' என்று பெண்கள் சாமியிடம் வேண்டிக்கொள்வதை இன்றும் கேட்கிறோம். கணவனுக்கு முன்னால் செத்துவிட வேண்டும் என்பதன் மரியாதையான வடிவம் அது.

மனைவியை இழந்த ஆணுக்கு? புதனும் சனியும் அப்படியே இருந்தன. எண்ணெய்க் கிண்ணம் மாறவில்லை, சந்தனப் பொட்டு மாறவில்லை. எங்கள் தெருவில் அப்படிப் பெரியவர்கள் மூன்று பேர் இருந்தார்கள். அவர்களுக்கு எண்ணெய் காய்ச்சிக் கொடுத்ததும் ஆச்சிதான்.

முடியை எடுப்பதும் வெட்டிக்கொள்வதும்

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இந்தக் கேள்வி அச்சுக்கு வருகிறது. அ. மாதவையா 1903-ல் வெளியிட்ட 'முத்துமீனாட்சி' ஒரு பிராமண விதவையின் கதை. குழந்தைப் பருவத்திலேயே விதவையான ஆர்.எஸ். சுப்பலட்சுமி 1911-ல் சென்னையில் பட்டம் பெற்று, அடுத்த ஆண்டு விதவைச் சிறுமிகள் தங்கிப் படிக்க ஓர் இல்லம் தொடங்கினார். பின்னால் அது கடற்கரையில் ஐஸ் ஹவுஸ் கட்டடத்தில் நடந்தது. சகோதரி சுப்பலட்சுமி என்றே அவரை ஊர் அறியும்.

இன்னொரு பக்கத்திலிருந்து பெரியார் வருகிறார். பெண்கள் கூந்தலை வெட்டி 'கிராப்' வைத்துக்கொள்ள வேண்டும், நகையையும் அலங்காரத்தையும் விட்டுவிட வேண்டும் என்று எழுதினார், பேசினார். முதலில் எனக்கு இது முரணாகத் தெரிந்தது. ஒரு பக்கம் முடியை எடுத்ததுதான் கொடுமை. இன்னொரு பக்கம் முடியை வைத்திருப்பதே சுமை. யோசித்துப் பார்த்தால் இரண்டும் ஒரே இடத்தில்தான் போய் நிற்கிறது: முடி யாருடையது? அதை வைத்துக்கொள்வதையும் எடுப்பதையும் அவளே முடிவு செய்கிறாளா?

ஒரு ரூபாய்கூட இல்லாத பாக்கெட்

கடைச் சரக்கு இந்தக் கதையில் எங்கே வருகிறது? அதைக் குறை சொல்லித்தான் எழுதப்போகிறேன் என்று நினைத்திருந்தேன். அப்படி முடியவில்லை.

மைசூர் அரசு 1916-ல் சந்தன எண்ணெய்த் தொழிற்சாலை தொடங்கி, 1918-ல் சந்தன சோப்பைச் சந்தைக்குக் கொண்டுவந்தது. 1931-ல் டாட்டா எண்ணெய் ஆலையின் ஹமாம் வந்தது. எங்கள் வீட்டில் ஹமாம் வெகுகாலம் சுவரோடு சுவராக இருந்தது.

ஷாம்பு என்ற சொல்லுக்கு வேடிக்கையான வரலாறு உண்டு. அழுத்து, பிசை என்று பொருள்படும் இந்திச் சொல்லிலிருந்து வந்தது. பாட்னாவில் பிறந்த ஷேக் தீன் முகமது இங்கிலாந்தின் பிரைட்டன் நகரில் 1814-ல் மூலிகை நீராவிக் குளியலும் உடம்பு பிடித்துவிடுவதுமாக ஒரு குளியலகம் தொடங்கினார். அதற்குப் பெயர்தான் 'ஷாம்பூயிங்'. நான்காம் ஜார்ஜ், நான்காம் வில்லியம் என்று இரண்டு அரசர்களுக்கு அவர் 'ஷாம்பூ மருத்துவராக' இருந்தார். தலை அலசுவது என்ற பொருள் அந்தச் சொல்லுக்கு வந்ததெல்லாம் 19ஆம் நூற்றாண்டின் பிற்பாதியில். இன்னொருவர் கையால் பிடித்துவிடுவது என்று இங்கிருந்து போன சொல், தனி ஆள் தானே தேய்த்துக்கொள்ளும் திரவமாகத் திரும்பி வந்தது.

அந்தத் திரவத்தை ஏழை வீட்டுக்குக் கொண்டுசேர்த்தது கடலூர். அங்கே சின்னி கிருஷ்ணன் ஷாம்பை சின்னப் பாக்கெட்டில் அடைத்து விற்கும் யோசனையைச் செயல்படுத்தினார். அவர் பிள்ளைகள் வெல்வெட் ஷாம்பு விற்றார்கள். அவர்களில் ஒருவரான சி.கே. ரங்கநாதன் தனியே பிரிந்து 1983-ல் பதினைந்தாயிரம் ரூபாயில் தொடங்கியதுதான் சிக் ஷாம்பு. காலி பாக்கெட்டைக் கொண்டுவந்து கொடுத்தால் புதுப் பாக்கெட் இலவசம் என்று ஒரு திட்டம்கூட வைத்தார்கள். பின்னால் ஐம்பது காசுக்கே பாக்கெட் வந்தது. முழு பாட்டில் வாங்க முடியாதவர்கள் ஒரு தலைக்கு மட்டும் வாங்கினார்கள்.

எங்கள் ஊர்ப் பெட்டிக்கடையில் அந்தப் பாக்கெட்டுகள் சரமாகத் தொங்கும். நான் பத்தாம் வகுப்பு படிக்கும்போது ஆச்சி ஒருநாள் என்னைக் கூப்பிட்டு, "அந்த வாசனைப் பாக்கெட்டு ஒண்ணு எனக்கும் வாங்கிட்டு வாளா" என்று காசு கொடுத்தாள். பூ வாசனை. நாற்பது வருஷமாகத் தலையில் பூ வைக்காதவள். கடைக்காரர் 'யாருக்கு?' என்று கேட்கவில்லை. இதைத்தான் சொல்ல வந்தேன். பாக்கெட் யாரையும் சுமங்கலியா என்று கேட்பதில்லை.

அதற்காகக் கடை நியாயமானது என்று சொல்லிவிட முடியாது. அது வேறு கேள்வியைக் கேட்டது. 1975-ல் ஃபேர் அண்ட் லவ்லி வந்தது. கறுப்பாக இருந்தால் கல்யாணம் ஆகாது, வேலை கிடைக்காது என்பதை விளம்பரமே செய்தார்கள். 2020-ல் பெயரில் இருந்த 'ஃபேர்' போய் 'குளோ' வந்தது. ஆச்சியின் காலத்தில் கேட்டது 'புருஷன் இருக்கானா?' என் காலத்தில் கேட்டது 'நிறமா இருக்கியா?' பெண்ணின் முகத்தை ஒரு சான்றிதழாகப் பார்ப்பது மட்டும் மாறவில்லை.

இயற்கை என்றால்

பழசெல்லாம் நல்லது என்று முடித்துவிட்டால் மகளுக்குத் துரோகம். அதனால் கொஞ்சம் கசப்பானதையும் சொல்லிவிடுகிறேன்.

குங்குமம் மஞ்சளில் செய்வது. எலுமிச்சைச் சாறு, படிகாரம், வெங்காரம் சேர்த்தால் மஞ்சள் சிவக்கும். ஆனால் கடையில் கிடைக்கும் செந்தூரத்தில் ஈயம் கண்டுபிடிக்கப்பட்டிருக்கிறது. மஞ்சள் தூளில் நிறத்துக்காக ஈய குரோமேட் கலப்பதும் பல இடங்களில் பிடிபட்டிருக்கிறது. கண்ணுக்கு எழுதிய அஞ்சனக்கல் மை, சுர்மா இவற்றிலும் ஈயம் உண்டு. நம் நாட்டுச் சட்டப்படி ஒப்பனைப் பொருளுக்கு நிறமூட்ட ஈயம், ஆர்சனிக் கலவைகளைச் சேர்க்கத் தடை இருக்கிறது. சட்டம் இருப்பதும் சந்தையில் கிடைப்பதும் வேறு வேறு.

ஸ்டிக்கர் பொட்டின் பசையில் உள்ள ஒரு ஃபீனால் வகை வேதிப்பொருளால் பலருக்கு நெற்றியில் வெள்ளைத் தழும்பு விழுகிறது. தோல் மருத்துவர்கள் நெடுங்காலமாக எழுதிவருகிறார்கள். மருதாணி இலை ஆரஞ்சு, சிவப்பு இரண்டைத்தான் தரும். 'கருப்பு மருதாணி' என்று விற்பதில் பிபிடி என்ற சாயம் இருக்கும், சிலருக்குக் கொப்பளித்துவிடும். எலுமிச்சைச் சாற்றை முகத்தில் பூசிக்கொண்டு வெயிலில் போனால் தோல் வெந்து கறுத்துப்போகும். பொடுகு உள்ளவர்கள் ராத்திரி முழுக்க எண்ணெய் வைத்தால் பொடுகு கூடும், ஏனென்றால் அந்தப் பூஞ்சைக்கு எண்ணெய்தான் சாப்பாடு.

பழைய பட்டியலில் இல்லாத ஒன்றே ஒன்று புதிதாகச் சேர வேண்டும். அது வெயில் கிரீம். முன்பு முக்காடும் குடையும் நிழலும் செய்த வேலை அது.

கடைசியில் எழுதிய ஒரு பக்கம்

1. காலையும் ராத்திரியும் முகத்தை மென்மையான சோப்போ பாசிப்பயறு மாவோ போட்டுக் கழுவு. அழுத்தித் தேய்க்காதே.

2. ஈரம் காய்வதற்குள் ஈரப்பதக் கிரீம். எண்ணெய்ப் பசைத் தோல் என்றால் லேசானது.

3. வெளியே போனால் எஸ்பிஎஃப் 30-க்குக் குறையாத வெயில் கிரீம், இரண்டு விரல் நீளத்துக்கு. வெயிலில் நின்றால் இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை மறுபடி.

4. வாரம் இரண்டு நாள் தலைக்குக் குளி. முந்தைய ஒரு மணி நேரம் தேங்காய் எண்ணெய், நுனி வரை. சீயக்காயோ ஷாம்போ உன் வசதி. கிழமை உன் டைம்டேபிளைப் பொறுத்தது.

5. மை வேண்டுமானால் வீட்டில் செய்தது இருக்கிறது. கரிசலாங்கண்ணிச் சாறு தடவிய பித்தளைத் தட்டை விளக்குக்கு மேலே கவிழ்த்துப் பிடித்த கரி, விளக்கெண்ணெயில் குழைத்தது. இமையின் வெளிப்பக்கம் மட்டும். ராத்திரி துடைத்துவிடு.

6. உதட்டுக்கு நெய். சாயம் உன் இஷ்டம்.

7. எதையும் முதல் முறை முழங்கை மடிப்பில் பூசி ஒரு நாள் பார். அரித்தால் விட்டுவிடு, இயற்கையாக இருந்தாலும்.

8. உன் நிறத்தைப் பற்றி யார் பேசினாலும் அது முகப் பிரச்சினை இல்லை, வாய்ப் பிரச்சினை. அவர்கள் வாய்.

மகள் படித்துவிட்டு, "மஞ்சளைப் பத்தி ஒண்ணுமே எழுதலையே?" என்றாள். "கலப்படம் இல்லாத கிழங்கா வாங்கி உரசிப் பூசலாம். பூசினா வாசனையா இருக்கும், அவ்வளவுதான்" என்றேன். அவள் பேனாவை எடுத்து ஒன்பதாவதாக எழுதினாள்: 'மஞ்சள் - யார் வேணும்னாலும்.' எழுதிவிட்டு அவள் ஆச்சியிடம், அதாவது என் அம்மாவிடம், நீட்டினாள். அம்மா கண்ணாடியை மாட்டி முழுக்கப் படித்தாள். "வெயில் கிரீமு எனக்கும் ஒண்ணு வாங்கு. மத்ததெல்லாம் ஊர் பேசும்" என்று திருப்பிக் கொடுத்துவிட்டாள். நான் வற்புறுத்தவில்லை. எண்பதை நெருங்குகிறவளிடம் போய் நான் புறநானூறு பேச முடியாது.

தீபாவளிக்கு மகள் வந்திருந்தாள். வெள்ளிக்கிழமை காலையில் பின்வாசலில் கல்லின் மேல் எதையோ உரசும் சத்தம் கேட்டது. எட்டிப் பார்த்தேன். அம்மா படியில் உட்கார்ந்து, மஞ்சளை உரசி, பாதத்தில் குதிகால் வரை இழைத்துப் பூசிக்கொண்டிருந்தாள். கணுக்காலுக்கு மேலேயும் கொஞ்சம் ஏறியிருந்தது.

என்னைப் பார்த்ததும், "பித்தவெடிப்பு ரொம்ப இருக்குளா. யாராவது கேட்டா மருந்துன்னு சொல்லிக்கிடுதேன்" என்றாள்.

கிழங்கு நல்ல கிழங்கு. ஈரோட்டிலிருந்து வந்தது. டப்பாவை மாடத்திலேயே வைத்திருக்கிறேன்.